வலது கைச் சுண்டுவிரல்

"இன்னும் பலமா இழு."

"இழுத்தா தோலும் சேர்ந்து வந்துரும்ண்ணே."

"தோல் போனா வளர்ந்துக்கும். எனக்கு விரல் வேணும்."

ஒப்பனை போடுகிற மகினோ இழுத்தாள். முரோகா பல்லைக் கடித்துக்கொண்டார். சுண்டுவிரல் மட்டும் அசைந்து கொடுக்கவே இல்லை.

ஒடவாரா துறைமுகத்தில் ஒரு பழைய மீன் கிடங்கு, அங்கேதான் படப்பிடிப்பு. முரோகா தெட்சுஜி சுடப்பட்டுச் செத்து அரைமணி நேரம் ஆகியிருந்தது. நெஞ்சில் சிவப்புச் சாயம், முதுகு முழுக்கப் பச்சை குத்தின மாதிரி வரைந்த டிராகன், வலது கையில் சுண்டுவிரல் கிடையாது. கிடையாது என்றால் இருக்கிறது. உள்ளங்கைப் பக்கம் மடக்கி ஒட்டிவிட்டு, கணுவின் மேல் வெட்டுப்பட்ட மாதிரி ஒரு ரப்பர் துண்டைப் பொருத்தியிருந்தார்கள். அடியாள் கூட்டத்தில் தப்பு செய்தவன் தன் சுண்டுவிரலை வெட்டித் தலைவன் முன்னால் வைத்து மன்னிப்புக் கேட்பான் அல்லவா, முரோகாவுக்கு எப்போதுமே அந்தத் தப்பு செய்தவன் வேஷம்தான்.

"எப்பவும் போடற பசை இப்படிப் பிடிக்காதே?"

"இது புதுசுண்ணே. போன படத்துல மழை சீன் நடுவுல உங்களுக்கு விரல் திரும்ப முளைச்சிருச்சுன்னு டைரக்டர் குதிச்சாரே. அதான் வாங்கினேன். தண்ணியில ஊறினாலும் அசையாதுன்னு கடைக்காரர் சொன்னார்."

"கழட்டறதுக்கு என்ன சொன்னார்?"

மகினோ தன் பெட்டியைத் திறந்தாள், மூடினாள். "அதுக்குத் தனியா ஒரு தைலம் உண்டாம். டோக்கியோவுல இருக்கு. சூடு பட்டுக்கிட்டே இருந்தா தானாவும் இளகுமாம். தைலம் சாயங்காலத்துக்குள்ள வந்துரும்ண்ணே, கவலைப்படாதீங்க."

சாயங்காலம் வந்து என்ன பிரயோஜனம்? சம்பந்தியை முதன்முதலாகப் பார்க்கும் விருந்து மதியத்துக்கு.

முரோகாவுக்கு ஒரே மகள், ஷியோரி. அவள் கட்டிக்கொள்ளப் போகிற பையன் வதாரு, நூலகத்தில் வேலை, பரம சாது. அவனுடைய அப்பா இசோபே, நுமாஸு ஊரில் பூக்கடை வைத்திருக்கிறார். மனைவி போன பிறகு ஒற்றை ஆளாகப் பையனை வளர்த்தவர். டிவியில் அடியாள் படம் வந்தால் எழுந்து போய் அணைத்துவிடுவாராம். "இந்த அசிங்கமெல்லாம் வீட்டுக்குள்ள வேண்டாம்" என்பாராம். இதை வதாரு விளையாட்டாகச் சொல்லப்போக, ஷியோரி அன்றைக்கே தன் அப்பாவுக்கு வேறு வேலை வாங்கிக் கொடுத்துவிட்டாள். முரோகா சினிமாவுக்குக் கருவிகள் வாடகைக்கு விடும் அலுவலகத்தில் மேலாளர் என்று இசோபேயிடம் சொல்லியாயிற்று.

"கல்யாணம் முடியட்டும்ப்பா, நானே பக்குவமா எடுத்துச் சொல்லிக்கறேன்" என்றாள் மகள். "அந்த ஒரு நாளைக்கு மட்டும் மனுஷன் மாதிரி வாங்க. டிராகன் வேண்டாம், ரத்தம் வேண்டாம். பத்து விரலோட வாங்க, போதும்."

அவர் மனம் கோணவில்லை என்று சொன்னால் பொய். ஆனால் கடவுள் கொடுத்த முகம் அப்படி. புருவம் கிடையாது, சிரித்தால்கூட எவனையோ தீர்த்துக்கட்ட முடிவுசெய்துவிட்ட மாதிரி இருக்கும். கடையில் வரிசையில் நின்றால் முன்னால் இருப்பவர் தானாக விலகி வழிவிடுவார். வீடியோ கடைகளின் கடைசி அலமாரிக்கென்றே எடுக்கிற படங்களுக்கு அந்த முகம் தங்கம். பேய் பிடித்த குளிர்சாதனப் பெட்டி அவரை விழுங்கியிருக்கிறது. பாதி நண்டு, பாதி கணக்கதிகாரி என்று ஒரு வில்லனாக ஞாயிற்றுக்கிழமைக் காலைகளில் உலகத்தை அழிக்கப் பார்த்திருக்கிறார். செத்த பிறகும் தலைவனுக்கு விசுவாசம் மாறாத பிணமாக நடித்த படத்துக்கு மக்கள் கேட்டுக் கேட்டு அடுத்தடுத்த பாகங்கள் வந்தன. மனைவி ஃபுமியே மட்டும் எதையும் முழுசாகப் பார்த்ததில்லை. "எப்படியும் பாதியில செத்துருவீங்க, மிச்சத்தை நான் எதுக்குப் பாக்கணும்" என்று எழுந்து போய்விடுவாள்.

எந்தக் குப்பைப் படமானாலும் முரோகா வேலையில் சுத்தம் பார்ப்பவர். இந்த விரல் விஷயத்திலேயே காலையில் டைரக்டரோடு சண்டை. வழக்கப்படி முதலில் போவது இடது கைச் சுண்டுவிரல்தான். வலது கை கத்தி பிடிக்கிற கை, அதில் யாரும் முதலில் கைவைக்க மாட்டார்கள். டைரக்டர் காதில் போட்டுக்கொள்ளவில்லை. "கேமரா வலது பக்கம் இருக்குண்ணே. அதை நகர்த்தணும்னா சுவத்தை இடிக்கணும்" என்று முடித்துவிட்டார்.

"மகினோ, இப்படிச் செய். இதுக்கு மேலயே ஒரு முழு விரலை ஒட்டி விட்டுரு. யாருக்குத் தெரியப்போகுது?"

"முழு விரல் எனக்கு வராதுண்ணே. நகம், ரேகை, சுருக்கம்னு செய்யறது எங்க குருநாதர். நிஜ அடியாள் கூட்டத்தை விட்டு வெளிய வந்து ஒழுங்கா பொழைக்கறவங்க அவர்கிட்டதான் போவாங்க. கட்டின பொண்டாட்டிக்கே வித்தியாசம் தெரியாதாம். நான் செஞ்சா வெண்டைக்காய் மாதிரி இருக்கும்."

"வெண்டைக்காய் வேண்டாம்" என்று எழுந்தார் முரோகா.

அவ்வளவு லேசில் எழுந்துபோக முடியுமா? படத்தில் ஒரு நடிகரின் கடைசிக் காட்சி முடிந்தால் எல்லோரும் சுற்றி நின்று கைதட்டி, பூங்கொத்து கொடுத்து அனுப்புவது வழக்கம். லைட் தூக்குகிற பையன்கள் வாசலை மறித்துக்கொண்டு கைதட்டினார்கள். கம்பெனி சிக்கனமான கம்பெனி. முந்தின நாள் எடுத்த சாவுக் காட்சியில் சவப்பெட்டியைச் சுற்றி வைத்த வெள்ளைச் சாமந்தி மிஞ்சிக் கிடந்தது, அதையே ரிப்பன் கட்டி நீட்டினார்கள். முரோகா குனிந்து வணங்கி வாங்கிக்கொண்டார். சட்டையை மாற்றி, கோட்டை மாட்டி, ரயிலைப் பிடிக்க ஓடும்போதுதான் அந்தப் பூங்கொத்தின் அருமை தெரிந்தது. அதைக் கட்டிப்பிடித்தால் வலது கை வெளியே தெரியவில்லை.

யுகவாரா ஸ்டேஷன் வாசலில் ஃபுமியேயும் ஷியோரியும் காத்திருந்தார்கள். ஷியோரி நல்ல நாளுக்கென்று இளநீலக் கிமோனோ உடுத்தியிருந்தாள்.

"அப்பா, கையைக் காட்டுங்க."

"நீ ரொம்ப அழகா இருக்கேம்மா."

"கையைக் காட்டுங்கப்பா."

காட்டினார். அவள் கண்ணை இறுக மூடிக்கொண்டாள்.

"நான் உங்களை என்ன கேட்டேன்? வீடு கேட்டேனா, கார் கேட்டேனா? பத்து விரலோட வாங்கன்னுதானே கேட்டேன்?"

"பத்தும் இருக்கும்மா. ஒண்ணு உள்ள இருக்கு."

"அவர் பாத்தார்னா எந்திரிச்சுப் போயிடுவாருப்பா. எனக்கு வதாருவை விட்டா வேற யாரும் வேண்டாம்." சொல்லும்போதே அவள் குரல் உடைந்தது. முரோகாவுக்கு அந்த விரலை நிஜமாகவே வெட்டி எறிந்துவிடலாம் போல இருந்தது.

ஃபுமியே அழுகைக்கெல்லாம் நேரம் ஒதுக்குகிறவள் இல்லை. எதிரே இருந்த மருந்துக் கடையில் கட்டுத் துணி வாங்கி வந்து கணவர் கையைச் சுற்றத் தொடங்கினாள். "ரயில் கதவுல நசுங்கிடுச்சுன்னு சொல்லுங்க. வேற ஒண்ணும் பேசாதீங்க. அது சரி, அது என்ன சாவு வீட்டுப் பூ?"

"கடைசி சீன் முடிஞ்சுதுன்னு பசங்க கொடுத்தாங்க."

"நல்ல காரியத்துக்கு வர்றப்போ இதையா தூக்கிட்டு வருவாங்க? முதல்ல குப்பையில போடுங்க."

போடத்தான் நினைத்தார். ஸ்டேஷனில் ஒரு குப்பைத்தொட்டி இருந்தால்தானே. இந்தப் பக்கம் போய்ப் பார்த்தார், அந்தப் பக்கம் போய்ப் பார்த்தார், பெட்டிக்கடைக்காரரிடம் கெஞ்சினார். அவர் முரோகாவின் முகத்தைப் பார்த்துவிட்டுக் கடையை மூடத் தொடங்கினார். அதற்குள் அடுத்த ரயில் வந்துவிட்டது.

வதாருவும் அவன் அப்பாவும் இறங்கி வந்தார்கள். இசோபே ஒல்லியான மனிதர், நரைத்த தலை, படிய வாரியிருந்தார். வந்த வேகத்தில் இடுப்பை வளைத்துக் குனிந்தார். முரோகாவும் குனிந்தார். குனிந்த இடத்தில் பூங்கொத்து குறுக்கே நின்றது. என்ன செய்வதென்று தெரியாத மனிதன் கையில் இருப்பதை எதிராளிக்குக் கொடுத்துவிடுவான். முரோகாவும் கொடுத்துவிட்டார்.

இசோபே பூவைப் பார்த்தார். கட்டுப்போட்ட கையைப் பார்த்தார். கட்டு நன்றாகத்தான் போட்டிருந்தது, ஆனால் சுண்டுவிரல் இருக்க வேண்டிய இடத்தில் துணி தட்டையாகப் படிந்திருந்தது. கடைசியில் முரோகாவின் முகத்தைப் பார்த்தார். பூக்கடைக்காரரின் முகம் வெளுத்துவிட்டது.

"இது... எனக்கா?"

"ஆமா. உங்களுக்குன்னே கொண்டு வந்தேன்."

"யாரு கொடுத்தனுப்பினாங்க?"

"கூட வேலை பாக்கற பசங்கதான்" என்றார் முரோகா. இதில் ஒரு வார்த்தைகூடப் பொய் இல்லை.

தொழிலே பூவாக இருக்கிற மனிதரிடம் போய்ச் சாவுப் பூவை நீட்டினோமே என்று அவர் உள்ளுக்குள் கருகிப்போனார். ஃபுமியே முந்திக்கொண்டு, "இவருக்குப் பூவைப் பத்தி ஒண்ணும் தெரியாதுங்க, வெள்ளையா இருக்கேன்னு வாங்கிட்டார்" என்று சிரித்தாள். இசோபே சிரிக்கவில்லை. அந்தப் பூங்கொத்தை வெடித்துவிடும் என்பது போல உடம்பிலிருந்து தள்ளிப் பிடித்துக்கொண்டு நடந்தார்.

விடுதி மலைச்சரிவில் இருந்தது. பரிமாறுகிற தோமி அம்மாள் வாசலிலேயே மண்டியிட்டு வரவேற்றாள். வாயாடி, நல்ல மனசு.

"சாப்பாட்டுக்கு இன்னும் நேரம் இருக்குங்க. திறந்தவெளி வெந்நீர் ஊற்றுக்குளம் காலியாத்தான் இருக்கு. அப்பாமார் ரெண்டு பேரும் ஒரு முழுக்குப் போட்டுட்டு வந்துடுங்களேன். ஒருத்தருக்கொருத்தர் முதுகு தேய்ச்சுவிட்டா உறவு ஒட்டிக்கும்னு எங்க அம்மா சொல்லுவாங்க."

முரோகாவின் முதுகில் டிராகன் இன்னும் கழுவாமல் இருந்தது.

"வேண்டாம்" என்றார்.

"வேண்டாம்" என்று அதே நொடியில் இசோபேயும் சொன்னார்.

ஒருவரையொருவர் பார்த்துக்கொண்டார்கள்.

"எனக்குச் சளி" என்றார் இசோபே.

"எனக்கும் சளிதான்" என்றார் முரோகா.

"சளிக்கு இதைவிட மருந்து வேற இல்லைங்க."

"இது வேற மாதிரி சளி" என்றார்கள் இருவரும். முரோகா மனசுக்குள் அந்தச் சளிக்கு நன்றி சொன்னார்.

அறையில் பாய் மேல் தாழ்வான மேசை. ஜன்னல் பக்கம் இசோபேயும் வதாருவும், எதிரே முரோகா குடும்பம். கை துடைக்க ஆவி பறக்கும் துண்டுகளை வைத்தாள் தோமி. சூடு பட்டால் இளகும் என்று மகினோ சொன்னது முரோகாவுக்கு ஞாபகம் வந்தது. தன் துண்டோடு மனைவியின் துண்டையும் எடுத்துக் கட்டின் மேல் வைத்து அழுத்தினார்.

பசை இளகவில்லை. ரப்பருக்குள் அப்பியிருந்த சிவப்புச் சாயம் இளகியது. வெள்ளைக் கட்டில் மெதுவாக ஒரு சிவப்பு வட்டம் பரவத் தொடங்கியது.

அதை முதலில் பார்த்தது இசோபே.

"இது... இன்னிக்கு நடந்ததா?" குரல் அடங்கியிருந்தது.

"காலையிலதான். ஒண்ணுமில்ல, பழகிப்போச்சு." பேசாதே என்று ஃபுமியே சொன்னது தாமதமாக நினைவுக்கு வந்தது. "அதாவது, காலையில ஒரு வேலை இருந்துச்சு. அதை முடிச்சுட்டு நேரா வர்றேன்."

"முடிச்சுட்டு."

"ஆமா, முடிஞ்சுபோச்சு."

இசோபேயின் பார்வை முரோகாவின் வலது கையிலிருந்து இடது கைக்குப் போயிற்று. அங்கே ஐந்து விரலும் ஒழுங்காக இருந்தன. பார்வை மறுபடி வலது கைக்கு வந்தது. பூக்கடைக்காரர் பூத்தண்டு எண்ணுவது போல எண்ணுகிறார் என்று முரோகா நினைத்தார்.

"வலது கையா?" என்றார் இசோபே, கிட்டத்தட்டத் தனக்குள்ளேயே.

காலையிலிருந்து அடக்கி வைத்திருந்த ஆதங்கம் முரோகாவின் வாயில் தானாக வந்து விழுந்தது. "அதைத்தாங்க நானும் சொன்னேன். இடதுதான் முறைன்னு சொன்னேன். மேல இருக்கறவர் கேக்கல. வலதுதான் வேணும்னுட்டார்."

மேசைக்கு அடியில் ஷியோரியின் உதை விழுந்தது. "ரயில்வேயைச் சொல்றாருங்க. கதவை எந்தப் பக்கம் திறக்கணும்னு அவங்க மேலதிகாரிதானே முடிவு பண்றாங்க."

"ஆமா, ரயில்வே" என்றார் முரோகா.

வதாரு தட்டிலிருந்த மீனைப் பார்த்தபடி உட்கார்ந்திருந்தான். அவனுக்கு எல்லாம் தெரியும், ஆனால் பொய் சொல்லத் தெரியாது. ஃபுமியே மலைக் காற்றைப் புகழ்ந்தாள். கல்யாணப் பேச்சை எடுக்க வேண்டிய இடம் வந்தது, யாரும் எடுக்கவில்லை. கடைசியில் இசோபே மேசை மேல் சாய்ந்து, மற்றவர்களுக்குக் கேட்காதபடி பேசினார்.

"முரோகா சார், என் பையனுக்கு ஒண்ணும் தெரியாது. வெகுளி. எதுவா இருந்தாலும் எங்கிட்ட மட்டும் வச்சுக்கணும். அவனை விட்டுருங்க."

முரோகா தன் கட்டுப்போட்ட கையைப் பார்த்தார். அவனை விட்டுவிடுங்கள் என்றால் வேறென்ன அர்த்தம்? சம்பந்தம் வேண்டாம் என்று மரியாதையாகச் சொல்கிறார். எல்லாம் இந்த விரலால் வந்த வினை. சாப்பாடு முடிவதற்குள் பத்து விரலையும் மேசை மேல் வைத்துக் காட்டிவிட்டால் மனிதர் மனசு மாறலாம்.

அப்போதுதான் மீனும் கீரையும் காளானும் தளதளவென்று கொதிக்கும் பெரிய மண்சட்டி மேசை நடுவில் வந்து இறங்கியது. முரோகா அகப்பையைப் பாய்ந்து பிடுங்கினார்.

"இன்னிக்கு நான்தான் எல்லாருக்கும் பரிமாறப் போறேன்."

ஃபுமியே வாயைப் பிளந்தாள். கல்யாணமான நாளிலிருந்து தன் கிண்ணத்தில் தானே சோறு போட்டுக்கொண்டதில்லை அந்த மனிதர். அவர் ஆவிக்குள் கையை வைத்துக்கொண்டு, ஒவ்வொரு காளானாகத் தேடித் தேடி எடுத்தார். "இது சின்னதா இருக்கு, இன்னொண்ணு பாப்போம்" என்றார். கட்டு நனைந்து சொட்டியது. கிண்ணங்கள் நிறைந்தன. காலியாவதற்கு முன்பே மறுபடி நிறைந்தன. உள்ளே ஏதோ வழுக்கியது போல இருந்ததும் அகப்பையைப் போட்டுவிட்டுத் தாழ்வாரத்துக்கு ஓடினார்.

அங்கே நின்று கட்டை அவிழ்த்தார். சுண்டுவிரல், பாவம், வெளுத்துச் சுருங்கி, ஆனால் விடுதலையாகி நின்றது. மடக்கினார், நீட்டினார், அதற்கு ஒரு முத்தம்கூடக் கொடுத்தார். ரப்பர் துண்டை மட்டும் காணவில்லை. துணியை உதறிப் பார்த்தார், தரையில் பார்த்தார். உள்ளே மேசைக்கு அடியில் எங்காவது விழுந்திருக்கும், பிறகு தேடிக்கொள்ளலாம் என்று முகத்தைத் துடைத்துக்கொண்டு திரும்பி வந்தார்.

"காயம் அப்படியொண்ணும் பெரிசில்லைங்க" என்று உட்கார்ந்து, கிண்ணியைத் தூக்கிக்கொண்டு வலது கையை விரித்துக் காட்டினார். ஐந்து விரல்.

இசோபேயின் கையில் அப்போது சுடச்சுட சாக்கே என்ற அரிசி மது ஜாடி இருந்தது. அவர் கண்கள் அந்த ஐந்தாவது விரலில் குத்திட்டு நின்றன. ஜாடி சாய்ந்தது. கொதிக்கிற சாக்கே அவருடைய இடது கை மேல் கொட்டி, மேசை எல்லாம் ஓடியது. வலது கையால் ஜாடியைப் பிடிக்கப் பார்த்தவர் கிண்ணத்தையும் தட்டிவிட்டார். வதாரு எழுந்தான், ஷியோரி எழுந்தாள், தோமி அம்மாள் துண்டுகளை அள்ளிக்கொண்டு வந்து அவர் கையைப் பிடித்துத் துடைத்து, மேசையைத் துடைத்து, மேசைக்கு அடியிலும் துடைத்து, ஈரத் துண்டுகளைச் சுருட்டிக்கொண்டு போனாள். மண்சட்டியையும் எடுத்துப் போய்விட்டார்கள்.

"ரொம்ப சுட்டிருச்சா?" என்றாள் ஃபுமியே.

"இல்ல. எரியவே இல்ல." இசோபே இடது கையை மடிக்குள் வைத்து வலது கையால் மூடிக்கொண்டார். அதன் பிறகு ஒற்றைக் கையாலேயே சாப்பிட்டார். வலியை வெளியே காட்டாத மனிதர் என்று முரோகாவுக்கு மரியாதை கூடியது.

தோமி திரும்பி வந்தாள். இந்த முறை பேச்சே இல்லை. இரண்டு அப்பாக்களுக்கும் பக்கத்தில் வந்து மண்டியிட்டு, மடித்த சின்னத் துணி ஒன்றை மேசை ஓரத்தில் வைத்தாள். முகம் பார்க்காமல் மெல்லச் சொன்னாள்.

"ஈரத் துண்டை எடுக்கறப்போ இது மேசைக்கு அடியில கிடந்துச்சுங்க. உங்கள்ல யாரோடதுன்னு தெரியல."

இசோபே மடியிலிருந்த இடது கையை இன்னும் இறுக மூடிக்கொண்டார். நெற்றியில் வேர்வை துளிர்த்தது. பிரித்துப் பார்த்துவிடுவாரோ என்ற பயத்தில் முரோகா அந்தத் துணியை ஒரே எட்டில் எடுத்துக் கோட்டுப் பையில் திணித்தார்.

"என்னோடது" என்றார்.

"உங்க... உங்களோடதா?"

"என்னோடதுதான்."

இசோபே அவரையே பார்த்தார். அந்தப் பார்வையைத் தாங்க முரோகாவால் முடியவில்லை. இனி ஒளிக்க என்ன இருக்கிறது? பாயில் பின்னால் நகர்ந்து, இரண்டு கையையும் ஊன்றி, நெற்றி தரையில் படக் குனிந்தார். ஷியோரி "அப்பா" என்றாள். அவர் நிற்கவில்லை.

"மன்னிச்சுக்கணும். நான் எந்த அலுவலகத்துலயும் வேலை பாக்கல. நடிகன். பெரிய நடிகன்லாம் இல்ல. வீடியோ கடையில கடைசி அலமாரியில கிடக்கற படத்துல, விரல் போன அடியாளா வந்து, பாதியில செத்துப்போறவன். அந்த விரல் ரப்பர். அதான் இப்ப கீழ விழுந்தது. நீங்க அந்த மாதிரிப் படமே பாக்க மாட்டீங்கன்னு கேள்விப்பட்டு இவ மறைச்சுட்டா. தப்பு என்னோடது, பொண்ணோடது இல்ல. செத்துச் செத்துத்தான் இவளைப் படிக்க வச்சேன். இந்தக் கல்யாணத்தை மட்டும் நிறுத்திடாதீங்க."

ஷியோரி அழுதுகொண்டிருந்தாள். அவளுக்கு அந்த நேரத்தில் அப்பா மேல் கோபம் இல்லை, வெட்கமும் இல்லை.

"நடிகரா?" என்றார் இசோபே.

"நடிகன்."

"அப்போ அந்தப் பூ?"

"நேத்து எடுத்த சாவு சீன்ல மிஞ்சினது."

"கூட வேலை பாக்கற பசங்க?"

"லைட் தூக்கறவங்க."

"வலது கைதான் வேணும்னு சொன்ன மேல இருக்கறவர்?"

"டைரக்டருங்க. கேமரா அந்தப் பக்கம் இருந்துச்சு."

"வெறும் நடிகர். வேற ஒண்ணும் இல்ல. வெறும் நடிகர்."

"வெறும் நடிகன்தாங்க."

வாழ்க்கையில் எத்தனையோ பேர் அவரை வெறும் நடிகன் என்று சொல்லியிருக்கிறார்கள். இத்தனை சந்தோஷமாக யாரும் சொன்னதில்லை. இசோபேயின் தோள்கள் குலுங்கின. முதலில் அழுகிறார் என்று நினைத்தார்கள், பிறகு சிரிக்கிறார் என்று தெரிந்தது. கண்ணில் தண்ணீர் வழிய வழிய, ஒற்றைக் கையால் தொடையைத் தட்டிக்கொண்டு சிரித்தார். வதாரு தன் அப்பா இப்படிச் சிரித்துப் பார்த்ததே இல்லை.

சிரித்து முடித்ததும் அவரும் பாயில் குனிந்தார், முரோகாவைவிடத் தாழ்வாக.

"முரோகா சார், ஒருத்தரோட பழசை வச்சு அவரை எடைபோடக் கூடாது. உங்க பொண்ணு எங்க வீட்டுக்கு வர்றதுக்கு நாங்கதான் கொடுத்து வச்சிருக்கணும். எது விழுந்தாலும், யாரோடதுன்னு பாக்காம, 'என்னோடது'ன்னு சொல்ற மனுஷனை நான் வேற எங்க போய்த் தேடுவேன்?"

அந்தக் கடைசி வாக்கியம் முரோகாவுக்குச் சரியாகப் புரியவில்லை. பூக்கடைக்காரர் கொஞ்சம் கவித்துவமாகப் பேசுவார் போலிருக்கிறது என்று விட்டுவிட்டார். கல்யாணத்துக்கு வசந்த காலத்தில் நாள் குறித்தார்கள். சாக்கே மறுபடி வந்தது. இசோபே பேய் பிடித்த குளிர்சாதனப் பெட்டிக் கதையைக் கேட்டு வாங்கிச் சிரித்தார். பெரிய மனசோடு, அடுத்த படத்தில் அடியாட்கள் எப்படிக் குனிய வேண்டும், எந்தக் கையால் கிண்ணி வாங்க வேண்டும் என்று சில யோசனைகள்கூடச் சொன்னார். படமே பார்க்காத மனிதருக்கு என்ன கற்பனை வளம் என்று முரோகா வியந்து, எல்லாவற்றையும் மனசில் குறித்துக்கொண்டார்.

கிளம்பும்போது பெண்களும் வதாருவும் முன்னால் வண்டிக்குப் போய்விட்டார்கள். வாசலில் இரண்டு அப்பாக்களும் செருப்பு மாட்டும் பலகையில் பக்கத்துப் பக்கத்தில் உட்கார்ந்தார்கள். இசோபே இடது கையைக் கோட்டுப் பைக்குள் வைத்துக்கொண்டு வலது கையால் மட்டும் ஷூவோடு மல்லாடினார். முரோகா குனிந்து அவருக்கு ஷூவை மாட்டிவிட்டார். சம்பந்திக்குச் செய்யாமல் வேறு யாருக்குச் செய்வது?

உள்ளேயிருந்து தோமி அம்மாள் கையில் ஒரு சின்னத் தட்டோடு வேகமாக வந்தாள். தட்டில் வெந்து வெளிறிப்போன ஒரு ரப்பர் துண்டு கிடந்தது.

"நல்லவேளை, போகலையா நீங்க. சட்டியைக் கழுவறப்போ அடியில இது இருந்துச்சுங்க. ரப்பர்னு நீங்க சொன்னது இதுதானே?" என்றவள், முரோகாவின் கோட்டுப் பையையும் பக்கத்தில் குனிந்த தலையோடு உட்கார்ந்திருந்தவரையும் மாறி மாறிப் பார்த்தாள். "அப்போ நான் முதல்ல எடுத்துக் கொடுத்தேனே, நகமும் ரேகையுமா முழுசா ஒரு இடது கைச் சுண்டுவிரல், அது யாரோடதுங்க?"